ஆவுடைக்கனியின் இளையவள்

நகர்ந்து கிட்ட வந்து உட்காருங்க. கால் நீட்டுகிறவர்கள் நீட்டிக்கொள்ளலாம், நீட்டக் கால் இல்லாதவர்கள் இல்லாத காலையும் நீட்டிக்கொள்ளலாம், ஏனென்றால் இது அப்படிப்பட்ட ஒருத்தியின் கதை.

தூத்துக்குடிக்குத் தெற்கே தருவைமடை என்று ஓர் ஊர். வீட்டுக் கூரையிலும் உப்பு, சோற்றுப் பானையின் விளிம்பிலும் உப்பு, அழுதால் துடைக்கிற முந்தானையில் கண்ணீருக்கு முன்னாலேயே உப்பு. அந்த ஊரில் ஆவுடைக்கனி என்று இருபத்திரண்டு வயதுப் பெண். உப்பளத்தில் வரப்பைச் சுற்றிப் போகிற பழக்கமே கிடையாது அவளுக்கு, வாய்க்கால் குறுக்கே வந்தால் தாண்டு, பாத்தி குறுக்கே வந்தால் தாண்டு, அப்படியே வளர்ந்தவள். ஒரு மாசி மாதம் உப்பு ஏற்ற வந்த லாரி பின்பக்கமாக வந்து அவளுடைய இடது காலை முழங்காலுக்குக் கீழே வாங்கிக்கொண்டு போய்விட்டது.

ஆஸ்பத்திரியில் நாற்பது நாள். நாற்பத்தோராம் நாள் அக்குளில் கட்டையை ஊன்றி ஆட்டோவிலிருந்து இறங்கி வாசல் வரைக்கும் நடந்தாள். அண்ணன் பெண்டாட்டி தங்கபுஷ்பம் ஆரத்தித் தட்டோடு நின்றவள் கனியின் முகத்தைப் பார்க்கக் கூசித் தரையைப் பார்த்தாள். தண்ணீர் தெளித்த மண்ணில் வலது காலின் தடம் இருந்தது, கட்டையின் குழி இருந்தது, அதற்குப் பக்கத்திலே இடது காலின் தடமும் இருந்தது, இரண்டாம் விரல் பெருவிரலைவிட நீண்டு, குதிகாலில் பித்தவெடிப்போடு, கனியின் இடது கால் எப்படி இருந்ததோ அப்படியே.

"கொஞ்சம் பிந்தி வருதுட்டி," என்றாள் தங்கபுஷ்பம். "நீ ஒரு எட்டு வச்சு முடிச்ச பொறவுதான் அது விழுது."

"ஆஸ்பத்திரியிலயே அப்படித்தான் மதினி. அங்க வழுவழுன்னு தரை, யாருக்கும் தெரியல."

"சரி, ரெண்டு பேரும் உள்ள வாங்க," என்று மதினி ஆரத்தியைச் சுற்றிவிட்டு வழிவிட்டாள். கனி உள்ளே போன பிறகும் ஒரு மூச்சு நேரம் நிலைப்படியில் ஒதுங்கியே நின்றாள், பின்னால் வருகிறதும் வந்து சேரட்டும் என்று.

முதல் வாரம் ஊர் திரண்டு வந்து தரையைப் பார்த்தது, இரண்டாம் வாரம் பார்க்க வந்தவர்கள் காப்பி குடித்துவிட்டுச் சொந்தக் கதையைப் பேசிவிட்டுப் போனார்கள், மூன்றாம் வாரம் யாரும் வரவில்லை, ஏனென்றால் அப்போது வெயில் ஏறி உப்பு பூக்கத் தொடங்கியிருந்தது, வேலை கிடந்தது. பெண்கள் அந்தக் காலுக்கு இளையவள் என்று பேர் வைத்துவிட்டார்கள். டீக்கடையில் நிற்கிறவர்கள் கனி கடந்துபோனதும் உடனே தெருவில் இறங்க மாட்டார்கள், "இளையவ போட்டும்" என்று ஒரு மூச்சு நிற்பார்கள். மாரியம்மன் கோயில் வாசலில் கனிக்குக் கால் கழுவ ஒரு செம்புத் தண்ணீர், பின்னாலேயே வெறும் தரையில் இன்னொரு செம்பு. ஊர் நாய்கள் அந்தத் தடத்தை மோந்து பார்த்துவிட்டு, தெரிந்த ஆள்தான் என்று திரும்பிப் படுத்துக்கொண்டன.

கங்காணி பூல்பாண்டிதான் இடக்குப் பண்ணினார். அளத்தில் பாத்தி போட்டால் அதன் தரையைக் காலால் மிதித்து மிதித்து இறுக்க வேண்டும், தரை இளகிக் கிடந்தால் உப்பில் சேறு ஏறிவிடும், அதற்குப் பத்துப் பன்னிரண்டு பெண்கள் வரிசையாகக் கோத்து நின்று எட்டு மேல் எட்டாக மிதித்துக்கொண்டு போவார்கள். "மிதிக்கிறது கால் வேலை. ஒத்தக் காலு வச்சுக்கிட்டு நீ என்ன பிள்ள செய்வ?" என்றார் அவர்.

கனி வரிசையின் வாலில் போய் நின்று, கட்டையை ஊன்றி, ஒரு பாத்தி முழுக்க மிதித்துக்கொண்டு போனாள். பிறகு, "அண்ணாச்சி, வந்து பாருங்க," என்றாள். பூல்பாண்டி குனிந்து பார்த்தார். பத்துப் பெண்களின் தடத்தைவிட இளையவளின் தடம் அரை விரல்கடை ஆழமாக இறங்கி, தரை கல்லுப் போல இருந்தது. அவர் நிமிர்ந்து துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டு, "இது என்னத்தத் தின்னுது?" என்று கேட்டார். "கோவத்த," என்றாள் கனி. மறுநாளிலிருந்து அவளுக்கு வேலை இருந்தது.

ஊனமுற்றோர் சான்றிதழுக்கு முகாம் போட்டபோதும் இதே கதைதான். சீட்டு எழுதுகிறவர் ஈரத் தரையைப் பார்த்துவிட்டுப் பேனாவை மூடினார். "ரெண்டு தடம் இருக்கேம்மா. நான் எப்படி எழுத?"

தங்கபுஷ்பம் முன்னால் வந்தாள். "தடம் இருக்குய்யா, யாரு இல்லன்னா? அதுக்கு ஒரு செருப்ப மாட்டிக் காட்டுங்க. மாட்டிட்டிங்கன்னா நாங்க இப்படியே பஸ் ஏறிப் போயிருதோம்." அந்த மனுஷன் நல்ல மனுஷன், தன்னுடைய செருப்பையே கழற்றித் தரையில் வைத்தார். கனி நடந்தாள், செருப்பின் மேல் ஒரு பாதம் பதிந்து எழுந்தது, செருப்பு வைத்த இடத்திலேயே கிடந்தது. மூன்று தடவை வைத்துப் பார்த்துவிட்டு எழுதிக் கொடுத்தார்.

அளத்துப் பக்கமாகத் தினம் சைக்கிளில் போகிற வியாகுலம் சார், பள்ளிக்கூடத்தில் விளையாட்டு வாத்தியார், ஒருநாள் அந்தக் கட்டையோடேயே கனி வாய்க்காலைத் தாண்டுவதைப் பார்த்துச் சைக்கிளை வரப்பில் சாய்த்தார். அவர் எத்தனை பேருக்கு எழுதிப் போட்டார், எத்தனை படி ஏறினார் என்பது தனிக் கதை. ஒரு வருஷத்தில் அவளுக்கு ஓடுகிறவர்கள் போடுகிற பிளேடு கால் வந்து சேர்ந்தது, கறுப்பாக, வளைந்து. ஊரில் அதை அரிவாள் கால் என்றார்கள். அதைப் போட்டுக்கொண்டு அவள் ஓடினால் காற்று காதுக்குள் கூவும், தாண்டினால் கடற்கரை மணலில் ஐந்தரை மீட்டர் தள்ளி விழுவாள். விழுந்து, ஒரு மூச்சு கழித்து, ஒரு முழம் பின்னால் இளையவளும் வந்து விழுவாள்.

வில்லங்கம் அங்கேதான் இருந்தது. நீளந்தாண்டுகிற போட்டியில் உங்கள் உடம்பு மணலில் எங்கெல்லாம் பட்டதோ, அதில் மிதித்து எழும்புகிற பலகைக்கு ரொம்பக் கிட்ட இருக்கிற தடத்தைத்தான் அளப்பார்கள். பின்னால் கை ஊன்றினால் கையிலிருந்து, உட்கார்ந்துவிட்டால் உட்கார்ந்த இடத்திலிருந்து. கனி எவ்வளவு தூரம் தாண்டினாலும் அளக்கிறவர்கள் இளையவளின் குதிகாலில்தான் அளவு ஊசியை ஊன்றினார்கள். ஜில்லாவிலும் மாநிலத்திலும் தேசத்திலும் அந்த ஒரு முழத்தை இழந்தும் அவள்தான் முதல். ஆனால் கடல் தாண்டி, உலகத்து நாடெல்லாம் ஆள் அனுப்புகிற போட்டிக்குப் போனபோது ஒரு முழம் என்பது சின்னச் சாமானில்லை.

அங்கே சாப்பாட்டுக் கூடம் ஒன்று, ஊர்ச் சந்தை மாதிரி. கையில்லாதவர்கள் காலால் முள்கரண்டி பிடித்துச் சாப்பிட்டார்கள், கண் தெரியாதவர்கள் ஓடும்போது துணைக்கு வருகிறவர்களைக் கேலி பண்ணினார்கள், சக்கர நாற்காலிக்காரர்கள் பந்தயம் வைத்துத் தட்டு எடுத்துவரப் போனார்கள். கனி தட்டோடு நடந்தபோது ஈரத் தரையில் இரண்டு தடம் விழுந்ததை எல்லாரும் கண்டார்கள், ஒருவரும் சாப்பாட்டை நிறுத்தவில்லை. கண் தெரியாத ஓட்டக்காரி ஒருத்தி மட்டும், "இவள் பின்னால் ஒருத்தி நொண்டி வருகிறாள்" என்று தன் துணைக்காரியிடம் சொன்னாள். வட்டெறிகிற ஒரு தடியன், தோளோடு கை போனவன், கனியின் எதிரே உட்கார்ந்து சைகையிலேயே கேட்டான், அரிக்குமா என்று. அரிக்கும் என்றாள். எனக்கும்தான் என்று அவன் தன் பக்கத்து வெறும் காற்றைச் சொறிந்து காட்டினான். அந்த மேசையில் இருந்த ஏழு பேரும் அவரவர் இல்லாத இடத்தைச் சொறிந்துகொண்டார்கள்.

போட்டியன்று காலையில் அந்த ஊரில் மழை. மதியம் தாண்டினார்கள். ஆளுக்கு ஆறு தாண்டல். கனியின் குதிகால் ஐந்து நாற்பதுக்குக் குறையவே இல்லை, கணக்குப் பலகையில் அவள் பெயருக்கு எதிரே ஐந்து மீட்டர் ஐந்து சென்டிமீட்டருக்கு மேல் ஏறவும் இல்லை. முன்னால் நின்றவள் சிவப்புச் சட்டைக்காரி, ஐந்து முப்பத்தொன்று. ஐந்தாம் தாண்டலில் கனி பறந்த பறப்பைப் பார்த்து அந்தச் சிவப்புச் சட்டைக்காரர்களின் மேலாளர் பயந்துபோய் ஒரு மனுக் கொடுத்தார். தடம் விழுகிறது என்றால் கால் இருக்கிறது, கால் இருக்கிறவளுக்கு இந்தப் போட்டியில் என்ன வேலை என்று மனு.

கனியின் கடைசித் தாண்டலை மட்டும் தள்ளிவைத்துவிட்டு, அவளையும் வியாகுலம் சாரையும் மேடைக்கு அடியில் ஓர் அறைக்குக் கூட்டிப்போனார்கள். நடுவர்கள் மூன்று பேர். தலைமை, நரைத்த ஓர் அம்மாள், வலது கை முழங்கையோடு முடிந்திருந்தது. மொழிபெயர்க்கச் சிற்றம்பலம் என்று ஒரு யாழ்ப்பாணத்துக்காரர், அந்த நாட்டிலேயே குடியேறியவர், வந்து உட்கார்ந்தார்.

"பிள்ளை, அவை கேக்கினம், அந்தக் கால் உம்மட காலோ எண்டு," என்றார் அவர். "இல்லையெண்டு எழுதிக் கையெழுத்துப் போட்டால், அதை ஆரோ நடந்துபோன தடமெண்டு விட்டிட்டு, ஐஞ்சு தாண்டலையும் உம்மட குதிக்காலில இருந்து கணக்கெடுப்பினம். தங்கம் உமக்குத்தான். ஓமெண்டால், கால் உள்ளவ எண்டு உம்மை வெளியில விடச் சொல்லி மற்றப் பக்கம் நிக்குது."

"புத்தகத்துல என்ன போட்டிருக்குன்னு கேளுங்க," என்றாள் கனி.

அவர் கேட்டு, ஒரு தடித்த புத்தகத்தைப் புரட்டி, விரல் வைத்து வாசித்தார். "உடம்பில ஒரு பாகமோ, உடம்போட அப்ப ஒட்டியிருந்த ஏதுமோ மணலில பட்டால், அதில இருந்து அளக்க வேணும்."

"அப்ப இப்படி எழுதுங்க. கால் என்னோடது. என்னோட ஒட்டல."

சிற்றம்பலம் அதை அப்படியே மொழிபெயர்த்தார். நரைத்த அம்மாளின் உதடு ஒரு பக்கமாகச் சிரித்தது. பிறகு அவள் சொன்னதை அவர் இப்படிச் சொன்னார்: "உம்மட பேச்சு வடிவாத்தான் இருக்கு. ஆனால் நீர் போற இடமெல்லாம் அது உமக்குப் பின்னாலதானே வருது. ஒட்டேல்லை எண்டு நாங்கள் எதை வச்சு நம்புறது? கடைசித் தாண்டல் ஒண்டு இருக்கு. அதுக்குள்ள கையெழுத்து வந்தால் சரி. வராட்டில் அந்தப் பின் தடத்தில அளந்திட்டு, பிறகு உம்மை வச்சிருக்கிறதோ விடுறதோ எண்டு முடிவெடுப்பம்."

வெளியே தாழ்வாரத்துக்கு வந்ததும் வியாகுலம் சார் அவர்கள் கொடுத்த தாளை அவள் கையில் திணித்தார். மூன்று நாளாகச் சரியாகச் சாப்பிடாத மனுஷன். "போட்டுரும்மா. ஒரு கையெழுத்து. யாருக்குத் தெரியப் போகுது?"

"இளையவளுக்குத் தெரியும்லா சார்."

சார் ஊருக்குப் போன் போட்டுக் கொடுத்தார். அங்கே பொழுது சாய்கிற நேரம், உப்பு மூட்டை அடுக்குகிற கிட்டங்கியில் ஊரே கூடி ஒரே போனைச் சுற்றி உட்கார்ந்திருந்தது. முதலில் எடுத்தது பூல்பாண்டி. விஷயத்தைக் கேட்டுவிட்டு, "எழுதிக் குடுத்துட்டு வா பிள்ள, இங்க வந்து கிழிச்சிக்கிடலாம்," என்றார். சிலர் சரி என்றார்கள். ஒரு கிழவி, "நாளைக்கு அளத்துல மிதிக்கயில அந்தப் பிள்ள மொகத்துல எப்படி முழிப்பா?" என்று கேட்டாள். முகம் ஏது என்று ஒருவன் கேட்டு, பக்கத்தில் இருந்தவளிடம் குட்டு வாங்கினான். கடைசியில் தங்கபுஷ்பம் போனைப் பிடுங்கினாள்.

"ஏட்டி, இவுக பேச்ச விடு. எனக்கு ஒண்ணு சொல்லு. பாத்தி மிதிக்கயில ஒருத்தி வரிசையில பிந்திக்கிட்டே வந்தா நாம என்ன செய்வோம்?"

"முன்ன விடுவோம்."

அது அந்த ஊர் அளத்து வழக்கம். பிந்துகிறவளை யாரும் வைய மாட்டார்கள், கையைப் பிடித்து இழுக்கவும் மாட்டார்கள். வாலில் நிற்கிறவள் அடுத்தவள் முதுகையே பார்த்துப் பார்த்துச் சடைந்துபோவாள், அதனால் அவளை வரிசைக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தி, அவள் வைக்கிற எட்டுக்கு மற்றவர்கள் எட்டு வைப்பார்கள். பத்து எட்டில் அவளுக்கு வேகம் வந்துவிடும்.

"நாலு வருசமா அவ உன் முதுகத்தான் பாத்துக்கிட்டு வாரா," என்றாள் மதினி. "என்னைக்காவது ஒருநா முன்ன விட்டியா நீ?"

கனி விட்டதில்லை. கால் போனவள் கால் இருக்கிற ஊருக்கு முன்னால் ஓடிக் காட்ட வேண்டும் என்ற வெறியில், தனக்கு முன்னால் ஒருவரையும், தன் காலையும்கூட, அவள் விட்டதில்லை. தாளை நான்காக மடித்து சாரின் சட்டைப் பையில் வைத்துவிட்டு, மைதானத்துக்கு ஏறிப் போனாள்.

ஓடுபாதையில் நின்றதும் ஒரு நிமிஷத்துக்குக் கடிகாரம் ஓடும், அதற்குள் ஓடத் தொடங்க வேண்டும், இல்லையென்றால் தாண்டல் போச்சு. ஜனம் கைதட்டித் தாளம் போட்டது. கனி கையை உயர்த்தி நிறுத்தச் சொன்னாள். அறுபது ஐம்பதானது. அவள் ஓடவில்லை. வரப்பில் எதிரே பெரியவர்கள் வந்தால் எப்படி ஒதுங்குவோமோ அப்படி ஓர் எட்டு ஒதுங்கி, ஈரமாகக் கிடந்த பாதையைத் தனக்கு முன்னால் காலியாக விட்டாள்.

"நீ போளா," என்றாள்.

நாற்பது. முப்பது. நடுவர்கள் எழுந்து நின்றார்கள், சிவப்புச் சட்டைக்காரர்களின் மேலாளர் சிரித்தார், வியாகுலம் சார் கண்ணை மூடி மாதாவைக் கூப்பிட்டார். "நான் மட்டும் ஓடுத பாதை இல்ல இது, உனக்கும்தான். உன்னய வெட்டி எறிஞ்சவளும் நான் இல்ல, உன்னய இல்லன்னு எழுதிக் குடுக்கப் போறவளும் நான் இல்ல. போ. நான் பின்னால வாரேன்." இருபது. பதினைந்து. பதினொன்று இருக்கும்போது அவளுக்கு முன்னால் ஈரப் பாதையில் ஓர் இடது பாதம் பதிந்தது, இரண்டாம் விரல் நீண்ட பாதம், உப்புப் பூத்த மாதிரி வெள்ளையாக. அதற்கு முன்னால் இன்னொன்று, அதற்கும் முன்னால் இன்னொன்று, முதலில் கூச்சத்தோடு, பிறகு தப்பு தப்பென்று, ஒற்றைக் கால், ஆள் இல்லாத கால், நாற்பதாயிரம் பேர் மூச்சுப் பிடித்துப் பார்த்துக்கொண்டிருக்கக் கால் தனியாக ஓடியது. ஐந்து எட்டு அது முன்னால் போகும்வரை பொறுத்திருந்து, ஏழு விநாடி மிச்சம் இருக்கையில் ஆவுடைக்கனி அதன் பின்னால் ஓடினாள்.

இளையவள் பலகைக்கு ஒரு சாண் முன்னாலேயே மிதித்து எழும்பினாள். மணலின் தூரக் கோடியில் ஒரு பாதம் 'பொத்' என்று இறங்கியது. அந்தத் தடத்துக்குள் ஓரத்து மணல் சரிந்து முடிவதற்குள் கனி பலகையை அரிவாள் காலால் அடித்து எழுந்து, காற்றில் இரண்டு எட்டு நடந்து, இளையவளுக்கு அரை மீட்டர் பின்னால் வந்து விழுந்தாள். தாண்டல் செல்லும் என்று வெள்ளைக் கொடி ஏறியது.

அளக்கிறவர் ஊசியோடு வந்து, பலகைக்கு ரொம்பக் கிட்ட இருக்கிற தடத்தைத் தேடினார். அது கனியின் குதிகாலாக இருந்தது. ஐந்து மீட்டர் நாற்பத்தெட்டு. நரைத்த அம்மாள் மேலாளரைப் பார்த்தாள். ஆளைவிட்டு ஐந்து எட்டு தள்ளி ஓடிய காலை ஆளோடு ஒட்டிய கால் என்று சொல்ல அவருக்கு வாய் வரவில்லை, மனுவைத் திருப்பி வாங்கிக்கொண்டார். சிவப்புச் சட்டைக்காரி வந்து கனியின் முதுகில் ஓங்கி ஓர் அறை வைத்துவிட்டு, மணலைப் பார்த்து, அந்த முன் தடத்துக்கும் தலையை ஆட்டினாள்.

மற்றவர்கள் முன்னமே தாண்டி முடித்துவிட்டார்கள், மணலை நிரவுகிறவன் நிரவு பலகையோடு வந்தான். கனி எழுந்திருக்கவில்லை. தவழ்ந்து போய், இளையவளின் தடத்துக்கு முன்னால் அரிவாள் காலைக் குறுக்கே நீட்டி உட்கார்ந்தாள். எழுந்து போகச் சொன்னார்கள். மணி அடித்தார்கள். சிற்றம்பலம் வேலியோரம் ஓடி வந்து, "பிள்ளை, வெண்டாச்சு, எழும்பும்," என்றார்.

"இவ தாண்டுனத அளக்கலையே," என்றாள் கனி.

"அதுக்குப் பெயர்ப் பட்டியலில இடமில்லை எண்டு சொல்லினம்."

"பட்டியல்ல போடாட்டாப் போவுது. அளக்கச் சொல்லுங்க."

அளக்கிறவர் நரைத்த அம்மாளைப் பார்த்தார். அம்மாள் வேறு பக்கம் பார்த்துக்கொண்டிருந்தாள், மெனக்கெட்டுப் பார்த்துக்கொண்டிருந்தாள். அவர் என்ன செய்வதென்று தெரியாமல் நின்ற நேரத்தில் ஆவுடைக்கனி அவர் கையிலிருந்த ஊசியை வாங்கி, அந்தத் தடத்தின் குதிகாலில், பித்தவெடிப்பு பதிந்திருந்த இடம் பார்த்து நேராக ஊன்றி, பெரிய பலகையில் ஆறு மீட்டர் இரண்டு சென்டிமீட்டர் என்று விளக்கு எரிகிற வரைக்கும் கையை எடுக்காமல் பிடித்திருந்தாள்.